நான்கு சாமி வண்டிகள்

காலை பத்து இருபதுக்கு நான்கு லாரிகள் ஒரே நொடியில் வெடித்தன. ஒன்றுக்கொன்று முப்பது நாற்பது கிலோமீட்டர் தள்ளி, ஒவ்வொன்றும் ஒரு திசையில் போய்க்கொண்டிருந்த லாரிகள். அதே சாலையில் ஓடிய மற்ற இருபது லாரிகள்மீது ஒரு கீறல்கூட விழவில்லை.

ஷெட் மேஸ்திரி நாச்சிமுத்து அப்போது வாசலில் குனிந்து, உதிரி டயர்களை இரும்புக் கம்பியால் தட்டிக்கொண்டிருந்தார். தட்டும் சத்தத்தை வைத்தே உள்ளே காற்று எத்தனை என்று சொல்லிவிடுவார். கம்பி டயரில் படுவதற்கு முன்பே தரை உதறியது. நிமிர்ந்து பார்த்தார். கிழக்கே ஒரு புகை, வடக்கே ஒன்று, பாறைக் குன்றுக்குப் பின்னால் இரண்டு.

நான்காவது புகையைப் பார்த்ததும் கையிலிருந்த கம்பியைக் கீழே போட்டார். எந்த இடத்தில் எந்த வண்டி, அதில் எந்த ஆள் என்பதெல்லாம் அவருக்கு மனப்பாடம். நான்கு பெயர்கள் தாமாக வாயில் வந்தன. அந்த நான்கில் மருமகன் பூபதியின் பெயர் இல்லை. அப்பாடா என்று ஒரு மூச்சு வெளியே போயிற்று. அந்த ஒரு மூச்சுக்காக அவர் பின்னால் பட்ட வெட்கம் கொஞ்சநஞ்சமல்ல.

அந்த லாரிகளில் போனது அரிசியோ சிமெண்டோ அல்ல, அணுகுண்டு ஏவுகணை. ஏவுகணையை ஓரிடத்தில் வைத்தால் எதிரி முந்திக்கொண்டு அடிப்பான். ஆழமாகப் புதைத்தால் அதைவிட ஆழமாகத் துளைப்பான். பெரிய மூளைகள் எல்லாம் உட்கார்ந்து யோசித்துக் கடைசியில் கண்டுபிடித்தது, திருவிழாவில் மூன்று கிண்ணத்தைக் கவிழ்த்து ஒன்றுக்குள் கோலிக்குண்டை ஒளிக்கிறவனின் வித்தையைத்தான். வறண்ட பாறைக்காட்டைச் சுற்றி நூற்றறுபது கிலோமீட்டருக்கு ஒரு வளையச் சாலை போட்டார்கள். அதன் ஓரமாக, லாரி நுழைகிற மாதிரி தொண்ணூற்றாறு கான்கிரீட் பொந்துகள் கட்டினார்கள். இருபத்து நான்கு லாரிகள் நாளெல்லாம் பொந்து மாறிக்கொண்டே இருக்கும். எல்லாவற்றுக்கும் ஒரே எடை, ஒரே சூடு, ஒரே தோற்றம். நான்கில் மட்டும் நிஜம். எது என்பதைத் திங்கட்கிழமைதோறும் மூடிய கொட்டகைக்குள் யந்திரம் குலுக்கிப் போட்டு முடிவு செய்யும். இருபத்து நான்கையும் ஒரே நேரத்தில் அடிக்கிற அளவுக்கு எதிரிக்குக் கை நீளாது. ஆக, தெரியாமை ஒன்றுதான் கோட்டை.

இவ்வளவு செய்தவர்கள் ஓட்டுவதற்கும் யந்திரத்தையே வைத்திருக்கலாமே என்றால், யந்திரம் ஓட்டும் வண்டியை எதிரி தன் யந்திரத்தால் பேசிப்பேசியே மயக்கிவிடுவானாம். சங்ககிரி, திருச்செங்கோட்டுப் பக்கத்து லாரிக்காரனை அப்படி மயக்க முடியாது என்று முடிவு செய்து, அறுபது பேரைக் கொண்டுவந்தார்கள்.

ஏவுகணை இருக்கும் வண்டிக்கு அவர்கள் வைத்த பெயர் சாமி வண்டி. மற்றவை வெறும் வண்டி. எது சாமி வண்டி என்று தளபதிக்கும் தெரியாது என்பது சட்டம். நாச்சிமுத்துவுக்குத் தெரியும் என்பது நடப்பு.

திங்கட்கிழமை காலையில் ஒவ்வொரு வண்டியையும் அவர்தான் நூறடி ஓட்டி, ஓங்கி பிரேக் போட்டுப் பார்ப்பார். இருபது வண்டிகள் கல்லுப்போல நின்றுவிடும். நான்கு வண்டிகள் மட்டும் நின்ற பிறகு மெல்ல ஒருமுறை முன்னால் தள்ளும், பெருமூச்சு விடுகிற மாதிரி. உள்ளே ஏவுகணையைத் தொட்டில் கட்டிப் படுக்கவைத்திருக்கிறார்கள், அது அசைகிறது என்று முதல் மாதமே அவருக்கு விளங்கிவிட்டது. முப்பத்தைந்து வருடம் லாரியோடு குடும்பம் நடத்திய காலுக்கு இது என்ன பெரிய ரகசியம்.

யாரிடமும் சொல்லவில்லை. ஆனால் தெரிந்துவிட்ட பிறகு சும்மா இருக்க முடியவில்லை. அடி விழுந்தால் சாமி வண்டியில்தானே விழும்? பால்குடி மறக்காத பிள்ளை உள்ளவனை அதில் எப்படி ஏற்றி அனுப்புவது? தவிரவும், பூபதிக்கு அப்போது ஏழு மாதப் பெண்குழந்தை இருந்தது. நாச்சிமுத்துவின் பேத்தி.

அதற்கு ஒரு வழி இருந்தது. சந்திராஷ்டமம் என்றால் லாரிக்காரன் கொடுத்த வண்டியைத் தொடமாட்டான். பிறந்த நட்சத்திரத்துக்கு ஆகாத அந்த இரண்டு நாளில் சாவியைக்கூடக் கையில் வாங்கமாட்டான். ஆரம்பத்தில் ராணுவம் சிரித்தது. ஓட்டுநர்கள் மொத்தமாக உட்கார்ந்துவிட்டதும் சிரிப்பை நிறுத்திக்கொண்டு, அப்படிப்பட்ட நாளில் இருவர் வண்டி மாற்றிக்கொள்ளலாம், மேஸ்திரி கையெழுத்துப் போட்டால் போதும் என்று விதி எழுதியது. நாச்சிமுத்து அந்த விதியைப் பிடித்துக்கொண்டார். பிள்ளைக்காரன் பெயர் சாமி வண்டிக்கு வந்தால், "உனக்கு இன்னிக்கு சந்திராஷ்டமமாட்ட இருக்குது, மாத்திக்கப்பா" என்பார். மேஸ்திரி சொன்னால் யார் காலண்டரைப் பார்க்கப் போகிறார்கள்? பெண்டாட்டி பிள்ளை இல்லாத ஒருவரிடம் அந்த வண்டி போகும். அப்படிப்பட்டவர்கள் அறுபதில் ஏழு பேர். பதினோரு மாதமாக அந்த ஏழு பேரில் யாரோ நால்வர்தான் சாமி வண்டிகளை ஓட்டிக்கொண்டிருந்தார்கள். இன்றைக்குப் புகையானவர்களும் அவர்களே.

நாச்சிமுத்து ஜீப்பை எடுத்துக்கொண்டு பக்கத்திலிருந்த கிழக்குப் புகைக்குப் பறந்தார். லாரி நடுவில் பிளந்து, முன்பாகம் துவரங்காட்டுக்குள் கவிழ்ந்து கிடந்தது. டயர்கள் எரிந்தன. ரோட்டின் தார் கொதித்துக் குமிழியிட்டது. ஸ்டியரிங்கை ஒரு கை பிடித்துக்கொண்டிருந்தது. கைக்கு உரியவர் பத்தடி தள்ளி வரப்பில் கிடந்தார்.

அந்த ஏழு பேரில் ஒருவரான சென்னியப்பனுக்கு இன்னும் உயிர் இருந்தது. முகத்தில் பாதி கருகி, தோள்பட்டையிலிருந்து ரத்தம் விட்டு விட்டுப் பீறிட்டது. வயிற்றில் ஒரு தகடு செருகியிருந்தது. நாச்சிமுத்து தலைத்துண்டை அவிழ்த்துத் தோளில் வைத்து அழுத்தினார். துண்டு உடனே நனைந்து கனத்தது. சென்னியப்பன் தண்ணீர் கேட்கவில்லை. ஏதோ சொல்ல உதட்டை அசைத்தார். காதை வாயருகே கொண்டுபோனார் நாச்சிமுத்து.

"நல்லவேளைங்ண்ணா. மருதாசலம் வராம நான் வந்தேன். அவனுக்கு ரெண்டு புள்ளைங்க."

அவ்வளவுதான். நேற்று மாலை மருதாசலத்துக்கு வந்த வண்டி அது. நாச்சிமுத்துதான் மாற்றிவிட்டார். தன்னைச் சாகக் கொடுத்தவனைப் பார்த்து நல்லவேளை என்று சொல்லிவிட்டு ஒரு மனிதர் கண்ணை மூடினார். நாச்சிமுத்து அவர் தலையை மடியில் வைத்துக்கொண்டு வாய்விட்டு அழுதார்.

ராணுவ வண்டிகள் வந்தன. சாமி வண்டி உடைந்தால் காற்றுக்கு எதிர்த்திசையில் ஓடு, முகமூடி போடு, மாத்திரை விழுங்கு என்று மாதந்தோறும் பாடம் நடத்துகிறவர்கள், வெறும் கைக்குட்டையை மூக்கில் கட்டிக்கொண்டு சாவகாசமாக இறங்கி நடந்தார்கள். வெடித்த பெட்டியிலிருந்து சாம்பல் நிறக் கான்கிரீட் கட்டிகள் சிதறிக் கிடந்தன. தொடைப் பருமனுக்கு ஒரு ஸ்பிரிங் உருண்டுபோய்ப் பள்ளத்தில் கிடந்தது. நாச்சிமுத்து இதையெல்லாம் பார்த்தார். ஆனால் மடியில் பிணம் இருக்கும்போது கண் பார்த்தது புத்திக்கு ஏறுமா.

ஷெட்டுக்குத் திரும்பியபோது ஓட்டுநர்கள் எல்லாரும் வந்து சேர்ந்திருந்தார்கள். முற்றத்தில் ஒருவரும் உட்காரவில்லை. இருபத்து நாலில் நாலை மட்டும் எப்படி அடித்தான், உள்ளேயிருந்து யாரோ சொல்லியிருக்கிறார்கள் என்ற பேச்சு ஒரு மூலையில் தொடங்கி அடுத்த மூலைக்குள் முடிவாகவே ஆகிவிட்டிருந்தது. யார் கடைசியாக வண்டி மாற்றியது என்று ஒருவன் கேட்டான். எல்லார் தலையும் மருதாசலத்தின் பக்கம் திரும்பியது.

மருதாசலம் பயந்த சுபாவக்காரன். சந்திராஷ்டமம் என்று திக்கித் திக்கிச் சொன்னான். பூபதி சுவரில் தொங்கிய தினக்காலண்டரிலிருந்து அன்றைய தாளைக் கிழித்து வந்தான். செத்த நால்வரில் ஒருவரான குழந்தைவேலுதான் பூபதிக்கு லாரி ஓட்டக் கற்றுக்கொடுத்தவர். கல்யாணத்தில் தோளோடு தோள் நின்றவர்.

"சந்திராஷ்டமம் சுவாதி, விசாகம்னு போட்டிருக்குது. நீ ரோகிணி நட்சத்திரமாச்சேடா" என்றான் பூபதி.

மருதாசலம் மேஸ்திரி முகத்தைத்தான் பார்த்தான். நாச்சிமுத்து சொல்லியிருக்க வேண்டும். நான்தான் மாற்றினேன், பொய் என்னுடையது என்று ஒரு வார்த்தை. சொன்னால், எதற்கு மாற்றினாய் என்று கேட்பார்கள். சாமி வண்டி எது என்று உனக்கு எப்படித் தெரியும் என்பார்கள். அந்த நால்வரை நீதானே தேர்ந்தெடுத்து அனுப்பினாய் என்பார்கள். இதையெல்லாம் மனசுக்குள் கணக்குப் போட்டுக்கொண்டு நின்றார். எண்ணினால் ஐந்தாறு நொடிதான் இருக்கும்.

பூபதி வீல் ஸ்பேனரை ஓங்கி மருதாசலத்தின் முழங்காலில் அடித்தான். எலும்பு முறிகிற சத்தம் முற்றம் முழுக்கக் கேட்டது. விழுந்தவன்மேல் இருபது பேர் விழுந்தார்கள். ஜாக்கிக் கம்பி, தார்ப்பாய்க் கயிறு, செருப்புக் கால். நேற்றுவரை ஒரே தட்டில் சோறு தின்றவர்கள். ஒருவன் தலைமுடியைப் பிடித்துத் தூக்கினான், இன்னொருவன் வாயில் மிதித்தான். மருதாசலம் இரண்டு முறை, "மேஸ்திரியண்ணா" என்று கத்தினான். மூன்றாவது முறை வெறும் ரத்தம்தான் வந்தது.

"நாந்தான்டா மாத்துனேன்! உடுங்கடா, நாந்தான்!"

அந்தக் கூச்சலில் அவர் குரல் யார் காதிலும் சரியாக விழவில்லை. அடிகளுக்கு நடுவே புகுந்து மருதாசலத்தின்மேல் கவிழ்ந்து படுத்தார். முதுகில் இரண்டு அடி விழுந்தது, ஒன்று மருமகன் கையால். சிப்பாய்கள் வானத்தை நோக்கிச் சுட்ட பிறகுதான் கைகள் நின்றன. அவருக்குக் கீழே மருதாசலத்தின் நெஞ்சு ஏறி இறங்குவது அதற்குள் நின்றுபோயிருந்தது.

பழி ஓரிடம் பாவம் ஓரிடம் என்பார்கள். பழியைச் சுமந்தவன் பிணமாகக் கிடந்தான். பாவத்தைச் செய்தவர் மண்ணில் உட்கார்ந்து அவன் ரத்தத்தைத் தன் வேட்டியால் துடைத்துக்கொண்டிருந்தார்.

மேஜர் ரெஜினா அவரைத் தன் அறைக்குக் கூட்டிப்போனார். வளையத்தின் பாதுகாப்பு முழுக்க அந்த அம்மாள் பொறுப்பு. தூத்துக்குடிக்காரர், நாற்பது வயது, அதட்டிப் பேசி யாரும் கேட்டதில்லை. நாச்சிமுத்து ஒன்றையும் மறைக்கவில்லை. பெருமூச்சு விடும் வண்டி, பொய்ச் சந்திராஷ்டமம், ஏழு தனியாட்கள், எல்லாம் சொன்னார். என்னைச் சுட்டுவிடுங்கள் என்றும் சொன்னார். மேஜர் ஆச்சரியப்படவில்லை. அதுதான் நாச்சிமுத்துவுக்கு முதலில் உறுத்தியது.

மேஜர் மேசை டிராயரிலிருந்து தட்டான்பூச்சி அளவுக்கு ஒரு கறுப்பு யந்திரத்தை எடுத்து வைத்தார். தும்பி என்று அதற்குப் பெயர். எதிரி ஆயிரக்கணக்கில் காற்றில் விட்டிருக்கிறான், பனைமரத்திலும் போஸ்ட் கம்பியிலும் உட்கார்ந்து ஓட்டுநர் முகத்தைப் படம் பிடிக்கும், போன மாதம் ஒன்றைப் பிடித்துப் பிரித்தோம் என்றார். உள்ளே அறுபது பேரின் முகமும் குடும்ப விவரமும் இருந்தன. கூடவே, பத்து மாதத் தினக்காலண்டரும் இருந்தது.

"நிஜமான சந்திராஷ்டமத்துக்கு மாத்துனதை அவன் கழிச்சுட்டான்" என்றார் மேஜர். "பொய்யா மாத்துனதை மட்டும் எடுத்து அடுக்கிப் பார்த்திருக்கான். புள்ளக்காரன் இறங்குன வண்டி எது, தனியாள் ஏறுன வண்டி எது. இருபத்து நாலு அவனுக்கு நாலாயிடுச்சு."

"போன மாசமே தெரியுமுங்களா?" என்று கேட்டார் நாச்சிமுத்து.

மேஜர் ஜன்னல் பக்கம் பார்த்தார். நாச்சிமுத்துவுக்கு அப்போதுதான் துவரங்காடு நினைவுக்கு வந்தது. முகமூடி போடாத சிப்பாய்கள். கான்கிரீட் கட்டி. பள்ளத்தில் உருண்ட ஸ்பிரிங். கண் பார்த்தது இப்போது ஒவ்வொன்றாகப் புத்திக்கு ஏறியது.

"அது சாமி வண்டியே இல்லீங்களா, மேடம்?"

"கான்கிரீட். அடியில ஸ்பிரிங். பிரேக் போட்டா ஒரு தள்ளு தள்ளும்." மேஜரின் குரல் தாழ்ந்தது. "லாரிக்காரர் காலுக்கு எதையும் மறைக்க முடியாதுன்னு திட்டம் போட்டவங்களுக்குத் தெரியும். அதனால கண்டுபிடிக்கிறதுக்குன்னே ஒரு பொய்யை வச்சாங்க. நீங்க அதை வித்தாலும் சரி, அதை வச்சு நாலு பேரைக் காப்பாத்தினாலும் சரி. வெளிய போறது பொய்தான்."

"அப்ப நிஜம் எங்கீங்க?"

"உயிரோட திரும்பி வந்த இருபதுல. எதுலன்னு எனக்கும் தெரியாது."

பிள்ளைக்காரர்களை எல்லாம் பொறுக்கிப் பொறுக்கி எந்த வண்டிகளில் ஏற்றினாரோ, அதில். பூபதி வாராவாரம் உட்கார்ந்த வண்டிகளில். பதினோரு மாதமாகக் கடப்பாரையை விழுங்கிவிட்டுச் சுக்குக் கஷாயம் குடித்துக்கொண்டிருந்திருக்கிறார். நாச்சிமுத்து எழுந்துபோய் மூலையில் வாந்தி எடுத்தார்.

மேஜர் தண்ணீர் கொடுத்தார். பிறகு சொல்ல வேண்டியதைச் சொன்னார். நான்கு நிஜத்தை அழித்துவிட்டதாக எதிரி நம்புகிறான். நாட்டில் வேறு வளையங்களும் இருப்பதால் அவன் போர் தொடுக்கமாட்டான், ஆனால் இங்கே புதிதாக நான்கு வரும் என்று காத்திருப்பான். திங்கட்கிழமை பெருமூச்சு விடும் வண்டிகள் நான்கு வரும். மேஸ்திரி முன்போலவே ஆட்களை மாற்ற வேண்டும். திடீரென்று நிறுத்தினால் தான் ஏமாந்தது எதிரிக்குத் தெரிந்துவிடும், அடுத்த அடி அந்த இருபதில் விழும். மருதாசலம் செத்ததை மட்டும் யாரும் எதிர்பார்க்கவில்லை என்றும் சொன்னார். பூபதிமேல் வழக்கு வராதாம். வளையத்துக்கு ஓட்டுநர்கள் வேண்டும்.

"அவங்க நாலு பேரும் பொய் வண்டின்னு தெரிஞ்சே ஏறிச் செத்திருந்தா, நான் ஒண்ணும் கேட்டிருக்கமாட்டேனுங்க" என்றார் நாச்சிமுத்து.

மேஜரின் கண்ணும் கலங்கித்தான் இருந்தது. கலங்கி என்ன பயன், பட்டியல் திங்கட்கிழமை காலை வேண்டுமென்றுதான் அந்த அம்மாளும் கேட்டார்.

நடுவில் இருந்த மூன்று நாளும் அவர் சோறு தின்னவில்லை. மருதாசலத்தின் மனைவி இரண்டு பிள்ளைகளோடு வந்து பிணத்தை வாங்கிக்கொண்டு போனாள். துரோகியின் பெண்டாட்டி என்று ஷெட்டில் யாரும் அவளிடம் பேசவில்லை. நாச்சிமுத்து மட்டும் வண்டிவரை நடந்துபோய், உன் புருஷன்மேல் ஒரு குற்றமும் இல்லை, தாயி என்றார். அது எப்படி உங்களுக்குத் தெரியும் என்று அவள் கேட்டாள். அன்றைக்கு முற்றத்தில் பயத்தில் மூடிய வாய், இன்றைக்குப் பூட்டப்பட்ட வாய்.

பூபதி மறுநாள் மாமனாரிடம் வந்து, மாமா, அன்னிக்கு நாந்தான் மாத்துனேன்னு ஏதோ சொன்னீங்களே என்று ஒருமுறை ஆரம்பித்தான். அடியை நிறுத்துவதற்காகச் சொன்னேன் என்று சொல்லி அனுப்பிவிட்டார். அவனைப் பார்க்கவே அருவருப்பாக இருந்தது. அவன் செத்துவிடக் கூடாதே என்றும் இருந்தது. இரண்டும் ஒரே நெஞ்சுக்குள் எப்படி இருக்கின்றன என்று அவருக்கே விளங்கவில்லை.

திங்கட்கிழமை காலை இருபத்து நான்கு வண்டிகளையும் ஓட்டிப் பார்த்தார். இருபது கல்லாக நின்றன. நான்கு பெருமூச்சு விட்டன. பட்டியலை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தார். தனியாட்களில் மீதி இருந்தவர்கள் மூன்று பேர். அந்த மூவரையும் கூப்பிட்டு, உடம்பு சரியில்லை என்று சொல்லி ஊருக்குப் போங்கள், ஏனென்று கேட்காதீர்கள் என்று சொல்லத்தான் நினைத்தார். அவர்கள் போனால் கணக்குக் கலையும். கலைந்தால் அடி இருபதில் விழும். மூன்று பெயரையும் எழுதினார். எழுதும்போது எழுத்து கோணிக்கொண்டு போயிற்று. நான்காவது கட்டத்தில் நாச்சிமுத்து என்று எழுதி, கீழே அவரே கையெழுத்தும் போட்டார்.

மேஜர் பட்டியலைப் பார்த்துவிட்டு, உங்களுக்கு மகள் இருக்கிறாள், பேத்தி இருக்கிறாள், இது எப்படிப் பொருந்தும் என்றார்.

"பொண்டாட்டி செத்துப் பதினோரு வருசமாச்சுங்க. புள்ளயக் கட்டிக் குடுத்தாச்சு. எதிரி கணக்குல நானும் தனியாளுதானுங்க" என்றார்.

மேஜர் அந்தத் தாளில் முத்திரை வைத்தார்.

வண்டியை வெளியே எடுத்தார். துவரங்காட்டு வளைவு வந்தது. பள்ளத்தை இன்னும் மூடவில்லை. வேண்டுமென்றே ஓங்கி பிரேக் போட்டார். வண்டி நின்றது, பிறகு மெல்ல ஒருமுறை முன்னால் தள்ளியது. பதினோரு மாதம் இதை ஏவுகணை என்று நம்பினோமே என்று தன்னைத்தானே ஒரு கெட்ட வார்த்தை சொல்லித் திட்டிக்கொண்டார்.

பின்னால் வந்த வண்டியும் பிரேக் போட்டது. பூபதி. கல்லுப்போல நின்றான், ஒரு அசைவில்லை. கண்ணாடிக்கு மேலே அவன் கட்டியிருந்த குழந்தையின் ரோஜா நிறக் காலுறை மட்டும் ஆடியது. அவன் முதுகுக்குப் பின்னால் இருப்பது கான்கிரீட்டா, ஒரு நகரத்தையே சாம்பலாக்குகிற பொருளா என்பது அவனுக்கும் தெரியாது, இவருக்கும் தெரியாது. நாச்சிமுத்து ஜன்னல் வழியே கையை நீட்டி, முந்திப் போ என்று சைகை காட்டினார். அவன் ஹாரன் அடித்துவிட்டு முந்திப் போனான். தூரம் விழட்டும் என்று காத்திருந்தார்.

அப்போது ஒரு தும்பி பறந்துவந்து பக்கக் கண்ணாடியின்மேல் உட்கார்ந்தது. நிஜத் தட்டானா, எதிரியின் கண்ணா என்று தெரியவில்லை. நாச்சிமுத்து தலைத்துண்டை அவிழ்த்து மடியில் வைத்துக்கொண்டு, முகம் நன்றாகத் தெரியும்படி அதன் பக்கம் திரும்பிக் காட்டினார்.